பெட்டி சரியில்லை

ஆலிவ் வில்லசிக்கு வசனம் மறக்க ஆரம்பித்ததை அவள் ஒரே ஒருத்தியிடம்தான் சொன்னாள். அது தங்கை பெக்கி. தொலைபேசியில்தான் சொன்னாள். 

"நீதான் சின்ன வயசுலயே அடுப்புல பால வச்சுட்டு மறந்துடுவியே" என்றாள் பெக்கி.

"இது பால் இல்ல பெக்கி."

"தெரியுது. ரயில் எப்போன்னு பாத்துட்டுக் கிளம்பி வரேன். கூனி இறால் கொண்டு வரட்டா?"

"கொண்டு வா. உரிக்காம கொண்டு வா."

அப்போது ஆலிவுக்கு அறுபது தாண்டியிருந்தது. மான்செஸ்டரில் தனியாக இருந்தாள். வாரத்தில் இரண்டு சாயங்காலம் தொலைக்காட்சியில் வரும் ஒரு தொடரில் மீன் வறுவல் கடைக்காரி ஃப்ரீடாவாக இருபது வருஷத்துக்கு மேல் நடித்துக்கொண்டிருந்தவள். கடைத்தெருவில் நடந்தால் யாரும் அவளை ஆலிவ் என்று கூப்பிட்டதில்லை. "ஃப்ரீடா, மீன் இன்னிக்கு நல்லா இருக்கா கண்ணு?" என்றுதான் கேட்பார்கள். அவளும், "நேத்தைய விட நல்லா இருக்கு" என்று சொல்லிவிட்டுப் போவாள்.

அவளுக்கு இருந்த பயம் சாவைப் பற்றியது அல்ல, ஆஸ்திரேலியாவைப் பற்றியது. அந்தத் தொடரில் டெஸ்மண்ட் என்று ஒருவர் தபால்காரராக நடித்துவந்தார். தங்கமான மனுஷர். அவருக்கு வசனம் நிற்காமல் போனது. முதலில் எல்லோரும் பொறுத்துக்கொண்டார்கள், பிறகு அவர் பேசவேண்டியதை மற்றவர்களுக்குப் பிரித்துக் கொடுத்தார்கள், பிறகு ஒருநாள் மதுக்கடைக் காட்சியில் யாரோ ஒருத்தி, "நம்ம தபால்காரர் ஆஸ்திரேலியாவுக்கு மகன்கிட்டப் போயிட்டாராமே" என்றாள். அவ்வளவுதான். டெஸ்மண்ட் அதைத் தன் வீட்டில் உட்கார்ந்து மற்றவர்களைப் போலத் தொலைக்காட்சிப் பெட்டியில் பார்த்துத் தெரிந்துகொண்டார். அன்றிலிருந்து நடிகர்களுக்குள் அது ஒரு பேச்சாகிவிட்டது. யாராவது ஒரு வார்த்தை தடுமாறினால், "என்ன, பெட்டி கட்டியாச்சா? அங்க வெயில் ஜாஸ்தி" என்பார்கள். சிரிப்பார்கள். ஆலிவும் சிரித்திருக்கிறாள்.

தனக்கு அது வந்துவிட்டது என்று தெரிந்த அன்றே அவள் மேலதிகாரிகளிடம் போய், ஃப்ரீடாவை அனுப்பிவிடுங்கள், கால் வலிக்கிறது என்று தானாகவே கேட்டுக்கொண்டாள். அவர்களும் மரியாதையாகவே செய்தார்கள். ஃப்ரீடா கடையை விற்றுவிட்டுப் போகிறாள் என்று ஒரு விடைபெறும் காட்சி எழுதப்பட்டது. அந்த ஒரு காட்சியில் மட்டும் தன் காலில் நடந்து, தன் வாயால் பேசி வெளியே போய்விடவேண்டும். யாருக்கும் எதுவும் தெரியக்கூடாது. அவள் கேட்டதெல்லாம் அதுதான். பெக்கி ரயிலேறி வந்ததும் அதற்காகத்தான்.

பெக்கி வந்த அன்று சாயங்காலமே சமையலறை மேஜையில் செய்தித்தாளை விரித்து அவித்த கூனியைக் கொட்டினாள். தேநீர்க் கெண்டியில் வசனத்தாளைச் சாய்த்து வைத்தாள். இரண்டு பேரும் உரிக்க உட்கார்ந்தார்கள். தலையைத் திருகி, வாலை அழுத்தி, ஓடு கழன்று சதை மட்டும் கிண்ணத்தில் விழும். கை அதுபாட்டுக்கு வேலை செய்யும்போது வாய் தானாக வரும் என்பது அந்த வீட்டு வழக்கம். மோர்கம்ப் என்ற கடற்கரை ஊரில் அவர்கள் பிறந்த வீட்டில் வசனம் என்பதே கூனியோடுதான் உள்ளே வந்தது.

வில்லசி குடும்பத்தார் தலைமுறை தலைமுறையாகக் கடலில் கூனி இழுக்கிறவர்கள். அப்பா வால்ட்டருக்கு இருந்த படகு அவருடைய மாமனார் வழி வந்தது. அந்த மாமனாரும் வில்லசிதான், இரண்டு தலைமுறை தள்ளி. அப்படிப்பட்ட வீட்டில் பிறந்தவள் நடிகையாகப் போனதற்குக் காரணம் மாடி அறைகள். அம்மா ஏடா கோடைக்காலத்தில் அவற்றை நாடகக்காரர்களுக்கு வாடகைக்கு விட்டாள். அந்தத் தெருவில் மற்ற வீடுகளில் நாடகக்காரர்களுக்கு இடமில்லை என்று ஜன்னலில் அட்டையே தொங்கும். "பஞ்சாலைக்காரங்க விடுமுறைக்கு வந்தா போர்வையைக் கிழிச்சுட்டுப் போறாங்க. இவங்க மத்தியானம் வரைக்கும் தூங்குறாங்க. தூங்குறவங்களால என்ன கெடுதல்?" என்பாள் ஏடா.

வாரத்துக்கு ஒரு நாடகம் போடுகிற குழு அது. கடலுக்குள் நீண்டிருக்கும் பாலத்துக் கொட்டகையில் ஒரு நாடகத்தை நடித்துக்கொண்டே அடுத்த வார நாடகத்தைப் பாடம் பண்ணவேண்டும். எனவே சமையலறையில் எப்போதும் ஒரு பிரபுவோ ஒரு கொலைகாரனோ பைஜாமாவோடு முன்னும் பின்னும் நடந்துகொண்டிருப்பான். ஆலிவ் கூனி உரித்துக்கொண்டே தாளைப் பார்த்துத் திருத்துவாள். "'ஆனால்' இல்ல சார், 'ஆகவே'." எட்டு வயதில் அந்த வேலை.

மாடியில் வருஷா வருஷம் தங்குகிற திருமதி கார் என்ற வயதான நடிகை, கடைசிப் பக்கம் வரும்போது மட்டும் கட்டைவிரலால் கடைசி வரியை மூடிக்கொள்வாள். நாடகத்தின் கடைசி வசனத்தை ஒத்திகையில் யாரும் சொல்லமாட்டார்கள். அதைச் சொல்லவேண்டியவர் அந்த இடம் வந்ததும் வாயை மூடிக்கொண்டு தலையை ஆட்டுவார். முதல் நாள், ஜனங்கள் வந்து உட்கார்ந்த பிறகுதான் அது வாயிலிருந்து வரவேண்டும்.

"முன்னாடியே சொல்லிட்டா நாடகம் முடிஞ்சுபோச்சுன்னு அர்த்தம். முடிஞ்சதுக்கு எதுக்கு ஜனங்க வரணும்?" என்பாள் திருமதி கார்.

"மேடைல மறந்துட்டா?" என்று கேட்டது சின்னப்பிள்ளை பெக்கி.

"மறந்தா கூனி உரிக்கலாம் கண்ணு. உங்க அம்மா எடம் குடுப்பா."

ஆலிவ் அதே குழுவில் திரை இழுக்கிறவளாகச் சேர்ந்து, வேலைக்காரியாக ஒரு தட்டு ஏந்தி, பிறகு தட்டில்லாமல் நிற்கும் அளவுக்கு வளர்ந்து, கடைசியில் லண்டன் போனாள். சினிமாவிலும் இருந்தாள். கதவைத் திறந்து "ஐயா வெளியே போயிருக்கிறார்" என்று சொல்லும் பெண்ணாக எத்தனையோ படம். ஒரு படத்தில் பனிக்காலத்துக் கடற்கரையில் பிணமாகக் கிடக்கவேண்டியிருந்தது. கேமரா ஓடும்போது தும்மிவிட்டாள். "மீன்பிடிக்கிற வீட்டுப் பொண்ணுக்கு ஈரம் ஒத்துக்கலயாமே" என்று ஊரில் வெகுகாலம் கேலி நடந்தது. நடுவில் கல்யாணமும் ஒன்று உண்டு. கென் என்று ஒரு விளக்குக்காரன், லங்காஸ்டரில் பன்றிக்கறிக் கடை வைத்திருந்தவரின் தங்கை மகன். நல்லவன்தான். கனடாவுக்குப் போகலாம் என்றான். அவள் வரமாட்டேன் என்றாள். அவன் போனான். கிறிஸ்துமஸ் வாழ்த்து மட்டும் கடைசிவரை வந்துகொண்டிருந்தது.

இதற்கெல்லாம் நடுவே நடந்ததுதான் பெட்டி விஷயம். ஐம்பத்தேழாம் வருஷம் என்று நினைவு. அந்தக் காலத்தில் தொலைக்காட்சி நாடகத்தை முன்கூட்டிப் படம்பிடித்து வைப்பதில்லை. மான்செஸ்டரில் அவர்கள் நடிக்க நடிக்க அது அந்த நிமிஷமே நாடு முழுவதும் வீடுகளில் தெரியும். நடிகர் யாராவது வசனத்தை விட்டுவிட்டால், தாளோடு பக்கத்தில் நிற்கும் உதவியாள் ஒரு பொத்தானை அழுத்துவான். உடனே நாடு முழுவதும் ஒலி நின்றுபோகும். அந்த மௌனத்தில் அவன் வசனத்தை எடுத்துக் கொடுத்துவிட்டுக் கையை எடுப்பான். வீட்டில் பார்க்கிறவர்கள் தங்கள் பெட்டியில்தான் ஏதோ கோளாறு என்று நினைத்துக்கொள்வார்கள்.

ஆலிவுக்கு முதல் பெரிய வேஷம் அப்படி ஒரு நாடகத்தில் கிடைத்தது. அதற்காகவே வால்ட்டர் பெட்டி வாங்கினார். அத்தை மகன் ஹெரால்ட் ரேடியோக் கடையில் வேலை பார்த்தான், அவன்தான் சுமந்துவந்து பொருத்தினான். முன்னறையில் இரண்டு பக்கத்து உறவும், தெருக்காரர்களும், நாடகக்காரர்களுக்கு இடமில்லை என்று அட்டை தொங்கவிட்ட எதிர்வீட்டுக்காரியும் வந்து நெருக்கி உட்கார்ந்திருந்தார்கள். நடந்ததைப் பெக்கி சொல்லித்தான் ஆலிவுக்குத் தெரியும்.

நாடகத்தில் ஆலிவ் ஜன்னலருகே நின்று திரும்பினாள். வாய் திறந்தது. சத்தம் இல்லை. படம் தெளிவாக இருந்தது, அவள் கண் மட்டும் ஓரமாக எங்கோ போனது.  வால்ட்டர் எழுந்தார். பெட்டியின் வலப்பக்கத்தில் உள்ளங்கையால் ஓங்கி ஒரு அடி அடித்தார். அந்த நொடியே சத்தம் வந்தது.

"பெட்டி சரியில்ல" என்றார்.

"பெட்டி நல்லாத்தான் இருக்கு மாமா. நான்தான பொருத்தினேன். அது அங்க..." என்று தொடங்கினான் ஹெரால்ட்.

"ஏடா, உன் நாத்தனார் மகனுக்கு ஏதாவது சாப்பிடக் குடு. வாய் சும்மா இருக்கு."

அந்த மட்டோடு விட்டாரா? மறுநாள் பெட்டியைக் கைவண்டியில் வைத்து, தெரு முழுவதும் பார்க்கும்படி தள்ளிக்கொண்டு கடைக்குப் போனார். கடை முதலாளி திறந்து பார்த்துவிட்டு ஒன்றும் இல்லை என்றார். "நல்லா பாருங்க" என்று வால்ட்டர் அங்கேயே ஸ்டூல் போட்டு உட்கார்ந்துவிட்டார். வேறு வழியில்லாமல் அவர் ஒரு வால்வை மாற்றிக் கொடுத்தார்.

அந்தக் கிறிஸ்துமஸுக்கு ஆலிவ் ஊருக்கு வந்தாள். திரும்பிப் போகிற எண்ணம் இல்லாமல் வந்தாள். வந்ததும் மேலங்கியைக்கூடக் கழற்றாமல் சமையலறையில் உட்கார்ந்து கூனி உரிக்க ஆரம்பித்தாள். அப்பா ரப்பர் பூட்ஸோடு உள்ளே வந்தார். அவளைப் பார்த்தார், கிண்ணத்தைப் பார்த்தார்.

"அன்னிக்கு உன் நாடகம் பாத்தோம்" என்றார். "நல்லா இருந்துச்சு. நடுவுல பெட்டி மக்கர் பண்ணிடுச்சு. நீ என்ன சொன்னேன்னு கேக்கல."

ஆலிவ் தலையைத் தூக்கவில்லை. "பெட்டியா, அப்பா?"

"பெட்டிதான். வால்வு மாத்தியாச்சு." கிண்ணத்தைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார். "பாதி ஓடு இதுலயே இருக்கு. உனக்கு இந்த வேலை வராது."

புது வருஷம் பிறந்ததும் அவள் ரயிலேறிப் போய்விட்டாள். அதற்குப் பிறகு எத்தனை வருஷம் ஆனாலும், யார் நாடகத்தில் சத்தம் நின்றாலும் வால்ட்டர் எழுந்து போய் வலப்பக்கத்தில் ஒரு அடி வைப்பார். பொத்தான் காலம் போய், எல்லாம் முன்பே பதிவு செய்யப்படும் காலம் வந்த பிறகும், நடிகர்கள் சும்மா வாய்மூடி யோசித்தால்கூட அவர் கை பெட்டிக்குப் போகும். விடுமுறைக்கு வந்தால் ஆலிவ் மாடியில் படுத்தபடி அந்த அடியைக் கேட்பாள்.

அவர் இறந்தபோது அவள் ஃப்ரீடாவாகிப் பல வருஷம் ஆகியிருந்தது. மறுநாளே படப்பிடிப்பு இருந்ததால் ஃப்ரீடாவின் கொண்டையைக் கலைக்காமலே துக்கத்துக்கு வந்தாள். கல்லறையில் எதிர்வீட்டுக்காரி அவள் கையைப் பிடித்து அழுதுவிட்டு, "உங்க கடையில வறுவலுக்கு வெலையை ஏத்திட்டியே" என்றாள்.

இப்போது அந்தக் கடையை விட்டு வெளியேறும் நாள் வந்துவிட்டது. பெக்கி மான்செஸ்டர் சமையலறையில் ஒரு வாரம் அவளை வசனம் ஒப்பிக்க வைத்துக் கேட்டாள். கடைசி வரி தவிர எல்லாம் எப்படியோ உள்ளே போய் நின்றது. மறதி தொடங்கியதிலிருந்து ஆலிவ் கூசாமல் ஒரு திருட்டுத்தனம் செய்துவந்திருந்தாள். வசனத்தைச் சீட்டில் எழுதி உப்புச் சாடிக்குப் பின்னால், வறுவல் மேல் தெளிக்கும் வினிகர் சீசாவின் கழுத்தில், வறுவல் பொட்டலம் கட்டும் தாளின் ஓரத்தில் ஒட்டிவைத்திருப்பாள். கடைசிக் காட்சியில் கடை காலி. கடை மேஜை மேல் எதுவும் இருக்காது, துடைத்து வைத்திருக்கும். ஒட்ட இடமே இல்லை.

கடைசிப் பக்கத்தில் பெக்கி கட்டைவிரலை வைத்து மூடினாள்.

"அதையும் சொல்லிப் பாத்துடேன், ஆலிவ். இங்க யாரு பாக்கப்போறா?"

"கடைசி வசனம் சொல்லக்கூடாது."

"அது மேடைக்கு. இது பெட்டி."

"எனக்கு ரெண்டும் ஒண்ணுதான்."

பெக்கி விரலை எடுக்காமல் அவளையே பார்த்தாள். "சொல்லக்கூடாதுன்னு சொல்றியா, சொல்ல வராதுன்னு சொல்றியா?"

"உரி" என்றாள் ஆலிவ்.

படப்பிடிப்பு நாளில் பெக்கியையும் உள்ளே விட்டார்கள். விளக்குகளுக்கு அந்தப் பக்கம், காட்சி தெரிகிற ஒரு சின்னப் பெட்டியின் அருகில் நாற்காலி போட்டுக் கொடுத்தார்கள். இயக்குநர் ஜில் என்ற இளம்பெண். பாட்டி வயதுக்காரர்களிடம் பேசும்போது குனிந்து பேசுகிற நல்ல பிள்ளை. ஒத்திகையில் கடைசி வசனத்தை ஆலிவ் சொல்லாமல் தலையை மட்டும் ஆட்டியபோது, "உங்க காலத்து வழக்கமா? இருக்கட்டும், இருக்கட்டும்" என்று சிரித்தாள்.

காட்சி இதுதான். ஃப்ரீடா விளக்குகளை அணைக்கிறாள். கடையில் வேலைபார்த்த பெண்ணிடம் சாவியைக் கொடுக்கிறாள். அழுகையில்லை, கட்டிப்பிடித்தல் இல்லை. கதவுவரை போய்த் திரும்பி, "வினிகர் தீர்ந்துபோச்சு. நாளைக்கு வாங்கி வச்சிரு" என்று சொல்லிவிட்டு வெளியே போகிறாள். எழுதினவன் ஃப்ரீடாவை அறிந்தவன். ஆலிவுக்கு அந்த வரி பிடித்திருந்தது. அதனால்தான் பயம் இன்னும் கூடியது.

முதல் முறை எல்லாம் சரியாக வந்தது. சாவி கைமாறியது. கதவருகே திரும்பினாள். ஒன்றும் இல்லை. கழுவி வைத்த தட்டு மாதிரி இருந்தது உள்ளே. ஜில் நிறுத்தினாள். "பரவாயில்ல ஆலிவ், மூச்சு வாங்கிக்கோங்க." ஆலிவ் தாளைக் கேட்டு வாங்கிப் பார்த்தாள். வினிகர். எவ்வளவு சின்ன விஷயம். இரண்டாவது முறை கதவருகே திரும்பியதும் அது மறுபடி போய்விட்டது.

விளக்குகளுக்குப் பின்னால் யாரோ மெதுவாகப் பேசினார்கள். ஜில் எழுந்துவந்து பக்கத்தில் குனிந்தாள்.

"ஆலிவ், அந்த வசனமே வேண்டாமே. கடையை ஒரு பார்வை பாத்துட்டுப் போயிடுங்க. ஜனங்களுக்கு அதுவே போதும்."

டெஸ்மண்டிடமும் முதலில் இப்படித்தான், இதே குரலில்தான் பேசினார்கள். ஆலிவ் மேலங்கியின் பொத்தானைத் திருகிக்கொண்டே நின்றாள். "இன்னும் ஒரு தடவை" என்றாள். "வரலன்னா உங்க இஷ்டம்."

மூன்றாவது முறை. விளக்கு அணைந்தது. சாவி போனது. கதவுவரை நடந்தாள், திரும்பினாள். வாய் திறந்தது.

பெக்கி சின்னப் பெட்டியில் அதைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அக்காவின் முகம் தெளிவாகத் தெரிந்தது. வாய் திறந்திருந்தது. சத்தம் இல்லை. கண் ஓரமாக எங்கோ போனது. பெக்கி எழுந்ததை அவளே அறியவில்லை. உள்ளங்கையால் பெட்டியின் வலப்பக்கத்தில் ஓங்கி ஒரு அடி வைத்தாள்.

அந்தச் சத்தம் இருட்டைத் தாண்டிக் கதவருகே வந்தது. அது என்ன சத்தம் என்று ஆலிவுக்கு யாரும் சொல்ல வேண்டியிருக்கவில்லை. மாடியில் படுத்தபடி எத்தனை விடுமுறை கேட்ட சத்தம். கடையின் உள்ளறையில் எவனோ எதையோ போட்டு உடைத்துவிட்டான் என்பதுபோல ஃப்ரீடாவின் புருவம் ஏறியது.

"வினிகர் தீர்ந்துபோச்சு" என்றாள். "நாளைக்கு வாங்கி வச்சிரு."

கதவின் மணி அடித்தது. அவள் வெளியே போயிருந்தாள்.

 ஒலிப்பதிவுக்காரர், "ஒரு சத்தம் விழுந்திருக்கு" என்றார்.

"கடைன்னா சத்தம் இருக்கத்தான் செய்யும்" என்றாள் ஜில். "இதுவே போதும்."

ஆலிவ் விளக்குகளைத் தாண்டி வந்தபோது பெக்கி முகம் சிவந்து, கையைத் தேய்த்துக்கொண்டு நின்றாள். "மன்னிச்சுக்கோ. கை தானா போயிடுச்சு."

"எந்தப் பக்கம் அடிச்ச?"

"வலப்பக்கம்தான். வேற எந்தப் பக்கம்?"

அது ஒளிபரப்பான சாயங்காலம் ஆலிவ் மோர்கம்பில் இருந்தாள். அதே வீடு, அதே முன்னறை. உறவுக்காரர்கள் பாதிப்பேர் போய்ச் சேர்ந்துவிட்டார்கள், மீதிப்பேரின் பிள்ளைகள் அந்த இடங்களில் உட்கார்ந்திருந்தார்கள். ஹெரால்ட் தடியை ஊன்றிக்கொண்டு வந்திருந்தான். ரேடியோக் கடை இப்போது அவனுடையது. மூலையில் இருந்த புதுப் பெட்டியும் அவன் கடையிலிருந்து வந்ததுதான். ரொட்டியும், வெண்ணெயில் பதப்படுத்திய கூனியும் சுற்றிவந்தன.

கடை விளக்கு அணைந்தது. சாவி கைமாறியது. ஃப்ரீடா கதவருகே திரும்பினாள். வாய் திறந்தது. சத்தம் இல்லை. ஆலிவ் தன் மடியைப் பார்த்துக்கொண்டாள். அறையில் ரொட்டி மெல்லுகிற சத்தம்கூட நின்றுபோனது. பிறகு தட் என்று ஒரு அடி, வினிகர், கதவு மணி. முடிந்தது.

பின்னால் இருந்த ஒரு சின்னவள் கேட்டாள். "நடுவுல ஏன் சத்தமே வரல? அப்புறம் ஏதோ இடிச்ச மாதிரி கேட்டுச்சே?"

 பெக்கி தேநீர்க் கெண்டியை எடுத்து ஆலிவின் கோப்பையில் ஊற்றினாள்.

"பெட்டி சரியில்ல" என்றாள்.

சின்னவள் ஹெரால்டைத் திரும்பிப் பார்த்தாள். ஹெரால்ட் பெட்டியைப் பார்த்தான். போன கிறிஸ்துமஸுக்குத்தான் தன் கையால் பொருத்திய பெட்டி. பிறகு ஆலிவைப் பார்த்தான்.

"ஆமா" என்றான். "காலைல வந்து பாக்கறேன்."